பூபாலசிங்கத்தின் பேரில் வந்த வேலை

அருந்ததியின் கணவர் பூபாலசிங்கம் பொலிஸ்காரர். பிடிபட்டு வரும் தமிழர்கள் சொல்வதைச் சிங்களத்தில் எடுத்துச் சொல்வதுதான் கொழும்புக் கொட்டாஞ்சேனையில் அவருக்குப் பெரும்பாலும் வேலை. தொண்ணூற்றேழில் ஒரு காவலரணருகே வெடித்த குண்டில் அவர் இறந்துபோனார். செத்தவீட்டுக்குச் சீருடைக்காரர் வந்து மரியாதை செய்தார்கள். சொந்தக்காரரில் பாதிப்பேர் வரவில்லை. அருந்ததி மகளையும் கூட்டிக்கொண்டு வெள்ளவத்தையில் அண்ணன் இரத்தினசிங்கத்தின் வீட்டுக்குப் போனாள்.

அடுத்த வருடம் கணவரோடு வேலைசெய்த சார்ஜன்ற் ஒருவர் தேடி வந்தார். கடமையில் இறந்தவர் குடும்பத்தில் ஒருவருக்கு அரசாங்க வேலை உண்டு, சாதாரண தரம் சித்தியடைந்த மனைவிக்குத் தகுதி இருக்கிறது, பொலிஸ் கந்தோரிலேயே கடிதம், கோப்பு எழுதும் எழுதுவினைஞர் இடம் காலியாம் என்றார். நேர்முகப் பரீட்சைக்கு நாளும் குறித்தாயிற்று.

இரத்தினசிங்கத்துக்கு முகம் கறுத்துவிட்டது. அவருடைய மனைவியும் பையன்களும் இடம்பெயர்ந்து, புலிகள் வசமிருந்த வன்னியில், மல்லாவியில் இருந்தார்கள்.

“மச்சான் பொலிஸ் எண்டதையே அங்க ஒளிச்சு வச்சிருக்கிறன். நீயும் பொலிஸ் கந்தோரில போய் இருந்தா, இயக்கக்காரர் என்ர பெடியளைத்தான் கேப்பினம்.”

“அப்ப என்ர பிள்ளைக்கு ஆர் அண்ணை?”

அவர் சேட்டை மாட்டிக்கொண்டு வெளியே போய்விட்டார்.

குறித்த நாளில் அவள் ஏறிய பஸ்ஸைப் பம்பலப்பிட்டியில் மறித்து எல்லாரையும் இறக்கினார்கள். அவளுடைய அடையாள அட்டையில் பிறந்த இடம் வடக்கே யாழ்ப்பாணத்துப் பருத்தித்துறை. ஆமிக்காரன் அதைப் பார்த்ததும், வவுனியாவிலிருந்து வந்த ஓர் இளம்பெண்ணோடு அவளையும் ஒதுக்கி நிறுத்தினான். பக்கத்தில் ட்ரக் நின்றது. அதில் ஏறியவர்கள் திரும்பி வர எத்தனை நாள் ஆகும் என்பதைக் கணவர் வாயால் அவள் கேட்டிருக்கிறாள். ஒரு வசனம் சொன்னால் போதும், விட்டுவிடுவார்கள். ஆனால் வரிசையில் அண்ணனின் ஒழுங்கைக்காரர், அதே சிறு தெருவில் குடியிருப்பவர்கள், சிலரும் நின்றார்கள்; அவர்கள் காதில் விழுந்தால் வன்னிவரை போகும். என் புருஷன் பொலிஸ், குண்டில் செத்தவர் என்று சிங்களத்தில் சொல்லிவிட்டாள்.

ஆமிக்காரன் அட்டையைத் திருப்பிக் கொடுத்தான். ஒழுங்கைக்காரர்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். இளம்பெண் அவள் சேலையைப் பிடித்தாள்.

“அக்கா, மாமி வீட்டை போறன் எண்டு சொல்லிவிடுங்கோ. எனக்குப் பாஷை தெரியாது.”

நேரம் போய்க்கொண்டிருந்தது. இருந்தும் அருந்ததி நின்றாள். யாரோ போய்ச் சொல்லி, வீட்டில் தங்குவோரைப் பதிந்த பொலிஸ் பத்திரத்தோடு அந்த மாமி ஓடிவந்து சேரும்வரை, ஆமிக்காரர் கேட்டதைத் தமிழிலும் பெண் சொன்னதைச் சிங்களத்திலும் மாற்றிச் சொன்னாள். பெண்ணை விட்டார்கள்.

கந்தோரை அடைந்தபோது நேர்முகம் முடிகிற தறுவாய். அதிகாரிகள் கணவரைப் புகழ்ந்தார்கள். வேலை வேண்டும், ஆனால் பொலிஸில் வேண்டாம் என்றாள் அவள். காரணம் கேட்டார்கள். உடம்பு சரியில்லை என்று பொய் சொல்லியிருக்கலாம். அவள் அண்ணனின் பிள்ளைகள் வன்னியில் இருப்பதைச் சொன்னாள். நடுவில் இருந்தவர் பேனாவைக் கையில் எடுத்து, அண்ணனின் பெயரையும் விலாசத்தையும் கேட்டார். மறைத்தால் இன்னும் மோசம் என்று கொடுத்தாள்.

ஒரு காலையில் பொலிஸ்காரர் வந்து இரத்தினசிங்கத்தை விசாரணைக்குக் கொண்டுபோனார்கள். அருந்ததி சார்ஜன்றிடம் ஓடினாள், பொலிஸ் நிலைய வாசலில் நின்றாள், அழக்கூடப் பயந்தாள். மறுநாள் சேட்டுப் பொத்தான்கள் அறுந்த கோலத்தில் அவர் வந்து சேர்ந்தார். தங்கை நீட்டிய தண்ணீரை வாங்காமல் உள்ளே போனார்.

நியமனம் வந்தது, சுகாதாரத் திணைக்களக் கந்தோர் ஒன்றுக்கு. அதை அவள் அண்ணன் முன்னால் வைத்தாள். அவர் வாசித்துவிட்டு மடித்து அவளிடமே நீட்டினார்.

“போ. இனி ஒளிக்க என்ன கிடக்கு.”

அவள் வேலைக்குப் போனாள். பையன்கள் நலமாக இருக்கிறார்கள் என்று மல்லாவியிலிருந்து வந்த ஒருவர் நேரில் சொல்லும்வரை, கந்தோரில் தொலைபேசி அடிக்கும் ஒவ்வொரு தடவையும் அவர்களைப் பற்றிய கெட்ட செய்தியோ என்று பேனாவை வைத்துவிட்டு நிமிர்ந்தாள்.