படிக்காமல் போட்ட கையெழுத்து

பல்லடம் பக்கம் எங்கள் விசைத்தறிக் கூடத்தின் மேலேயே உயரழுத்த மின்பாதை வருவதாக மின்வாரியத்தார் அளவெடுத்தார்கள். வந்தால் கூடத்தை இடிக்க வேண்டும். உள்ளூர் கோர்ட்டில் தடை கேட்டு வழக்குப் போட்டேன். வாய்தா மேல் வாய்தா ஆனது. பொறுக்காமல், என் வக்கீலிடம் கேட்காமலே, மச்சான் காட்டிய வேறொரு வக்கீலை வைத்துச் சென்னை உயர் நீதிமன்றத்திலும் மனுப் போட்டேன். நூல் மூட்டை வந்து இறங்கும்போது சலானில் கிறுக்குவதைப் போல, அவர் நீட்டிய தாள்களில் எல்லாம் கையெழுத்திட்டேன்.

பெருமையாக அதன் நகலை உள்ளூர் வக்கீலிடம் காட்டினேன். அவர் ஒரு வரியில் விரலை வைத்தார்.

"ஏனுங்க, 'இது சம்பந்தமா வேற வழக்கு இல்லை'ன்னு சத்தியம் பண்ணியிருக்கீங்களே. அப்ப இங்க நடக்கறது என்னங்க?"

"நான் படிக்கலீங்க."

"எதிர்தரப்பு இதைக் காட்டுனா ரெண்டு வழக்குமே போயிருமுங்க. அதுக்கு முந்தி நாமளே ஒத்துக்கலாமுங்க."

சென்னைக்குப் போய், தவற்றை ஒப்புக்கொண்டு மனுவைத் திரும்பப் பெற்றோம்.

"நியாயம் உங்க பக்கம் இருந்தா, பொய் எதுக்கு?" என்று மட்டும் நீதிபதி கேட்டார்.

உள்ளூர் வழக்கு தப்பியது, இன்னும் நடக்கிறது. இப்போதெல்லாம் லாரி டிரைவர் எவ்வளவு அவசரப்பட்டாலும், சலானைக்கூடக் கடைசி வரி வரை படித்த பிறகுதான் பேனாவை எடுக்கிறேன்.