இம்மாநிலத்தில் வசிப்பவர் அல்லர்

என் அக்கா மலேயாவிலிருந்து வந்தது ஒரு தை மாதக் கடைசியில். அப்பாவுக்குப் பக்கவாதம் வந்து வலப்பக்கம் விழுந்துவிட்டது, உடனே புறப்படு என்று தந்தி கொடுத்திருந்தோம். நாள்கணக்கில் கப்பலில் வந்து, சென்னையில் இறங்கி, பஸ் பிடித்து, பிள்ளையார்பாளையத்தில் நாங்கள் குடியிருந்த வாடகை வீட்டு வாசலில் அவள் வந்து நின்றபோது கையில் ஒரு பெட்டி மட்டும் இருந்தது. அம்மா அவளுக்குப் பின்னால் எட்டிப் பார்த்தாள்.

"கொழந்தைங்க எங்கடி?"

"விட்டுட்டு வந்துட்டேம்மா. அவங்க பேர என் பாஸ்போர்ட்டுல சேக்கறதுக்கு ஒரு மாசம் ஆவும்னாங்க. அதுக்குள்ள அப்பாவுக்கு ஏதாவது ஆயிடுச்சின்னா?"

பையனுக்கு ஆறு வயது, பெண்ணுக்கு மூன்று. அக்காவின் கணவரை நான் மாமா என்று கூப்பிடுவேன். அவர் ஒரு ரப்பர் எஸ்டேட் ஆபீசில் குமாஸ்தா. பிள்ளைகளை அவரும் அவருடைய அம்மாவும் பார்த்துக்கொண்டார்கள். மூன்று மாதத்தில் திரும்பி வந்துவிடுவேன் என்று அக்கா சொல்லிவிட்டு வந்திருந்தாள். வந்த அன்றைக்கே அப்பாவின் தலைமாட்டில் உட்கார்ந்து, சுவர்க் கடிகாரத்தைப் பார்த்து இரண்டு மணி நேரம் கூட்டிச் சொன்னாள்: "இப்ப அங்க ஏழு மணி. பாப்பா தூங்கியிருக்கும்." அந்தப் பழக்கம் அவளுக்குக் கடைசிவரை போகவில்லை. சோறு வடிக்கும்போதும், கொடியில் துணி போடும்போதும் இரண்டைக் கூட்டி ஏதாவது சொல்வாள்.

அப்பா சாகவில்லை. பேச்சு போய்விட்டது, வலது கையும் காலும் போய்விட்டன. ஆனால் உயிர் இருந்தது. பங்குனியில் டாக்டர், "இனிமே இப்படியேதான் இருப்பார், பல வருஷம்கூட இருக்கலாம்" என்றார். அக்கா திரும்பிப் போவதற்கான ஏற்பாடுகளைத் தொடங்கியது அதற்குப் பிறகுதான்.

அப்போதுதான் அவளுடைய இந்தியப் பாஸ்போர்ட்டை எடுத்துப் பார்த்தோம். அது வைகாசியோடு முடிகிறது. மலேயா அரசாங்கம் அதில் குத்திக் கொடுத்திருந்த மறுபடி நுழையும் அனுமதி ஆவணி கடைசிவரை செல்லும். பாஸ்போர்ட்டைப் புதுப்பித்தால்தான் கப்பல் டிக்கெட். ஆவணிக்குள் போய்ச் சேர்ந்தால்தான் அந்த முத்திரைக்கு மதிப்பு. கையில் ஐந்து மாதம் இருக்கிறதே என்று நாங்கள் யாரும் பதறவில்லை.

விண்ணப்பத்தை நிரப்பியது நான்தான். எனக்குப் பதினெட்டு வயது. பி.யு.சி. முடித்துவிட்டு ஆசிரியர் பயிற்சிக்கு எழுதிப் போட்டுக் காத்திருந்தேன். எங்கள் குடும்பத்திலேயே இங்கிலீஷில் ஒரு முழு வாக்கியம் எழுதத் தெரிந்தவள் நான் ஒருத்திதான். மாநிலத்தின் பெயர் அப்போதுதான் மாறியிருந்தது. அந்தப் படிவத்தில் அச்சாகியிருந்த பழைய பெயரை ஆபீசில் யாரோ நீல மையால் அடித்துப் புதுப் பெயரை எழுதியிருந்தார்கள். முகவரி என்ற இடத்தில் எங்கள் வீட்டு முகவரியை எழுதினேன். அக்கா கையெழுத்துப் போட்டாள்.

சித்திரை மாதம் ஒருநாள் காலை பத்து மணி இருக்கும். அப்பாவை ஜட்காவில் ஏற்றி அம்மாவும் அக்காவும் பெரியாஸ்பத்திரிக்குக் கூட்டிப் போயிருந்தார்கள். வீட்டில் நான் மட்டும். சைக்கிளைச் சுவரில் சாய்த்துவிட்டு ஒரு போலீஸ்காரர் வாசலில் நின்றார். நடுத்தர வயது. வெயிலில் வந்த களைப்பு முகத்தில் தெரிந்தது. பாஸ்போர்ட் விசாரணை என்றார். உட்காரச் சொல்லி மோர் கொடுத்தேன்.

"அந்தம்மா எங்கமா?"

"ஆஸ்பத்திரிக்குப் போயிருக்காங்க."

"இங்கதான் குடியிருக்குறாங்களா?"

"இல்லீங்க. அவங்க மலேயாவுல இருக்குறாங்க. அப்பாவுக்கு ஒடம்பு சரியில்லன்னு பாக்க வந்திருக்காங்க. சீக்கிரம் போயிடுவாங்க."

இதைச் சொல்லும்போது எனக்குப் பெருமையாக இருந்தது. எங்கள் தெருவில் யாருடைய அக்காவும் கப்பலேறிப் போனதில்லை.

"ரேஷன் கார்டுல பேரு இருக்குதா?"

"கல்யாணம் ஆனப்பவே எடுத்துட்டாங்க."

அவர் பென்சிலால் எழுதிக்கொண்டார். பிறகு ஒரு தாளில் பேனாவால் நிதானமாக எழுதி, படித்துப் பார்க்கிறாயா என்று என்னிடமே நீட்டினார். நான் மேலோட்டமாகப் பார்த்தேன். நான் சொன்னதைத்தான் எழுதியிருந்தார். கீழே இங்கிலீஷில் கையெழுத்துப் போட்டேன்.

"நல்லாப் படிச்ச பொண்ணு" என்றார். "எல்லா வூட்லயும் இப்படிப் பட்டுபட்டுன்னு பதில் சொன்னா எங்களுக்கு ஏன் இந்த அலைச்சல்?"

மத்தியானம் அம்மாவையும் அப்பாவையும் ஆஸ்பத்திரியில் விட்டுவிட்டு, சாப்பாடு எடுத்துப்போக அக்கா மட்டும் வந்ததும் ஓடிப்போய்ச் சொன்னேன். "போலீஸ் வந்துட்டுப் போயிட்டாரு. கேட்டதுக்கெல்லாம் நானே பதில் சொல்லிட்டேன். சைன்கூடப் போட்டேன்." அவள் என் கன்னத்தைக் கிள்ளி, "அப்ப சீக்கிரம் வந்துடும்" என்றாள். அன்று சாயங்காலமே மாமாவுக்குக் கடிதம் எழுதிவிட்டாள்.

வைகாசி போயிற்று. ஆனி போயிற்று. தபால்காரர் மணி அடித்தாலே அக்கா வாசலுக்குப் போய் நிற்பாள். ஆடி பிறந்த பிறகுதான் நேரில் போய்க் கேட்கலாம் என்று தோன்றியது. அவளும் நானும் முதல் பஸ்ஸில் சென்னை பாஸ்போர்ட் ஆபீசுக்குப் போனோம். வரிசையில் நின்று எங்கள் முறை வந்தபோது உச்சிப்பொழுது தாண்டிவிட்டது. கண்ணாடி போட்ட ஒரு குமாஸ்தா, அலுப்பாக இருந்தாலும் மரியாதைக் குறைவில்லாமல், உள்ளே போய் ஃபைலை எடுத்து வந்தார். நின்றபடியே புரட்டினார்.

"இது ரிஜெக்ட் ஆயிடுச்சே. லெட்டர் வரலியா?"

"இல்ல சார். ஏன் சார்?"

"போலீஸ் ரிப்போர்ட் சரியில்லம்மா." விரலை வைத்துப் படித்து எங்களுக்குத் தமிழில் சொன்னார். "மனுதாரர் இம்மாநிலத்தில் வசிப்பவர் அல்லர். மலேயாவில் வசிப்பவர். தற்காலிகமாக வந்துள்ளார். மனுதாரரின் தங்கை இவ்வாறு எழுத்துமூலம் தெரிவித்துள்ளார்."

அக்கா என்னைத் திரும்பிப் பார்த்தாள். கோபமாகப் பார்த்திருந்தால் இத்தனை வருஷத்தில் நான் அதை மறந்திருப்பேன். அப்படிப் பார்க்கவில்லை. சொன்னது சரியாகக் காதில் விழாதவள் போலத்தான் பார்த்தாள். பிறகு அந்தப் பக்கம் திரும்பிவிட்டாள்.

"இப்ப என்ன சார் செய்யணும்?"

"நீங்க எங்க வசிக்கிறீங்களோ அங்க இருக்கற நம்ம ஆபீசுலதான் புதுப்பிக்கணும்."

"அங்க போறதுக்குத்தானே சார் புதுப்பிக்கச் சொல்றேன்?"

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "எனக்குப் புரியுதும்மா. ஆனா ஃபைல்ல இப்படி இருக்கும்போது நான் என்ன பண்றது? இங்கதான் வசிக்கிறீங்கன்னு தாசில்தார்கிட்ட சர்டிபிகேட் வாங்கிக்கினு புதுசா அப்ளை பண்ணுங்க."

திரும்பும் பஸ் ஸ்ரீபெரும்புதூர் தாண்டியதும் நான் அழ ஆரம்பித்தேன். அவள் ஜன்னல் பக்கம் பார்த்தபடி, முந்தானையை எடுத்து என் மடியில் போட்டாள், துடைத்துக்கொள்ள.

வீட்டில் அம்மா தலையிலடித்துக்கொண்டாள். "எவ வாயில மண்ணு வுழ! எவ போயிச் சொன்னா போலீசுகிட்ட?" அப்பா கட்டிலில் படுத்தபடி எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தார். நான் சமையலறை வாசலில் நின்றேன்.

"அக்கம்பக்கத்துல யாரோ சொல்லியிருக்காங்கம்மா. வுடு" என்றாள் அக்கா.

பக்கத்து வீட்டில் தெலுங்கு பேசும் நெசவுக் குடும்பம் ஒன்று இருந்தது. அன்றிலிருந்து அம்மா அவர்களோடு பேசவில்லை. அந்த வீட்டுப் பெண் என்ன தப்பு செய்தேன் என்று என்னிடம் வந்து கேட்டபோதும் நான் வாயைத் திறக்கவில்லை.

தாலுகா ஆபீசுக்கு எத்தனை முறை நடந்தோம் என்று எண்ணவில்லை. முதலில் ஒரு வருஷமாவது தொடர்ந்து இங்கே இருந்திருக்க வேண்டும் என்றார்கள். அக்கா வந்து ஏழு மாதம்கூட ஆகவில்லை. ரேஷன் கார்டில் பெயர் சேர்த்துவிட்டு வா என்றார்கள். அதற்குப் போனால், முன்பு இருந்த இடத்தில் பெயரை நீக்கிய சான்று கேட்டார்கள். மலேயாவில் ஏது ரேஷன் கார்டு? அப்பாவின் சொந்த ஊர் தென்னேரி என்பதால் அங்கே போய் ஊர்க் கணக்குப் பார்க்கும் கர்ணத்திடம் எழுதி வாங்கினோம். டவுனில் இருப்பவளுக்கு அது செல்லாது என்றார் ரெவின்யூ இன்ஸ்பெக்டர். தெருவில் கட்சிக்காரர் ஒருவர் இரக்கப்பட்டு லெட்டர் கொடுத்தார். அதை வாங்கி வைத்துக்கொண்டார்கள். அவ்வளவுதான். கோலாலம்பூரில் இந்திய ஆபீசுக்கு மாமா போய்க் கேட்டார். அவர்கள் சொன்னது அவருடைய கடிதத்தில் ஒரே வரியாக இருந்தது: "ஆள் இந்தியாவில் இருந்தால் இந்தியாவில்தான் செய்துகொள்ள வேண்டுமாம்."

ஆவணி முடிந்தது. கடைசி நாளன்று அக்கா வழக்கம்போல அப்பாவுக்குக் கஞ்சி கொடுத்தாள், துணி மாற்றினாள், முதுகில் புண் வராமல் இருக்கப் பவுடர் போட்டுப் புரட்டிப் படுக்க வைத்தாள். அப்பா இடது கையைத் தூக்கி வாசலைக் காட்டினார். போ, போ என்று அந்தக் கை அசைந்துகொண்டே இருந்தது. வாயோரம் எச்சில் வழிந்தது, கண்ணில் தண்ணீர். அக்கா அந்தக் கையைப் பிடித்து மெல்லக் கீழே வைத்தாள். அவர் மறுபடி தூக்கினார். மறுபடி வைத்தாள். நான் அங்கே நிற்க முடியாமல் கிணற்றடிக்குப் போய்விட்டேன்.

பாஸ்போர்ட் வந்தது. அடுத்த வருஷம் மாசியில், அவள் வந்து ஒரு வருஷம் முடிந்த பிறகு, சர்டிபிகேட் கிடைத்து, வேறொரு போலீஸ்காரர் வந்து விசாரித்து, பதிவுத் தபாலில் வந்தது. ஆனால் நுழைய அனுமதி இல்லை. மாமா புதிதாக விசாவுக்கு எழுதிப் போட்டார். அங்கேயும் சட்டங்கள் இறுகிக்கொண்டிருந்த காலம் அது. மறுத்துவிட்டார்கள். இன்னொரு முறை போட்டார். மறுத்துவிட்டார்கள். அவரே அந்த நாட்டுப் பிரஜை இல்லை. வேலையை விட்டுப் பிள்ளைகளோடு இங்கே வந்துவிட்டால் பிழைக்க வழி என்ன என்று எழுதினார். அதுவும் நியாயம்தான். கடிதங்களில் யார் எழுதியதிலும் நியாயம் இல்லாமல் இல்லை.

எனக்கு ஆசிரியர் வேலை கிடைத்தது. உண்மையைத்தானே சொன்னேன் என்று என்னை நானே தேற்றிக்கொள்ளப் பார்த்ததுண்டு. அது கொஞ்ச நேரம்கூட நிற்காது. "ஆமாங்க, இங்கதான் இருக்குறாங்க" என்று சொல்லியிருந்தாலும் அது பொய்யில்லையே? எங்களோடுதானே இருந்தாள், எங்கள் வீட்டுத் தண்ணீரைத்தானே குடித்தாள்? இப்படியெல்லாம் ஓடும். ஒருநாள் குழாயடியில் இருவரும் தனியாக இருந்தபோது, "அக்கா, அன்னிக்கு நான் போலீஸ்கிட்ட..." என்று தொடங்கினேன்.

"தண்ணி வந்துடுச்சி பாரு, கொடத்த வையி" என்றாள்.

அதற்கப்புறம் நான் கேட்கவில்லை.

நாலாவது வருஷம் மாமாவின் அம்மா இறந்துபோனார். சில மாதம் கழித்து நீளமான கடிதம் ஒன்று வந்தது. பெண் வளர்கிறாள், வீட்டில் ஒரு பெண்துணை இல்லாமல் முடியவில்லை, எஸ்டேட்டிலேயே எனக்கு ஒரு சம்பந்தம் பேசுகிறார்கள், நீ சொல்வதுபோல் செய்கிறேன் என்று எழுதியிருந்தார். அக்கா அதை இரண்டு முறை படித்தாள். அன்றே பதில் எழுதி உறையை ஒட்டி என்னிடம் கொடுத்தாள். ஸ்கூலுக்குப் போகிற வழியில் நான்தான் பெட்டியில் போட்டேன். என்ன எழுதினாள் என்று எனக்குத் தெரியாது. அடுத்து வந்த கடிதத்தில் கல்யாணம் முடிந்த செய்தி இருந்தது. அதே வருஷக் கடைசியில் அப்பாவும் போய்விட்டார்.

எழுபதுகள் முடியும் சமயத்தில் பையன் மட்டும் ஒருமுறை வந்தான். பதினாறு வயது. நெடுநெடுவென்று, மாமாவின் சாயல். பத்து நாள் இருந்தான். அக்காவை "அம்மா" என்றுதான் கூப்பிட்டான், ஆனால் பஸ்ஸில் பக்கத்து சீட்டில் இருக்கும் ஒரு பெரிய மனுஷியைக் கூப்பிடுவதுபோல, "நீங்க" போட்டு, ஜாக்கிரதையாக. அவள் அவன் தட்டையே பார்த்துக்கொண்டிருப்பாள். தொடுவதற்குத் தயங்குவாள். அவன் குளித்துவிட்டு வரும்போது தலையைத் துவட்ட ஒருநாள் துண்டோடு எழுந்தாள். அவன் "பரவால்லம்மா" என்று வாங்கிக்கொண்டான்.

அவனை நான் கோவில்களுக்குக் கூட்டிப் போனேன். திரும்பும்போது திடீரென்று கேட்டான்.

"சித்தி, அம்மாவுக்கு எங்கள வேணாமா?"

"யாருடா அப்படிச் சொன்னது?"

"அங்க எல்லாரும் அப்படித்தான் சொல்வாங்க. அம்மாவுக்கு ஊரு பிடிச்சுப் போச்சு, வரல அப்படின்னு."

அந்த நடுத்தெருவிலேயே நின்று அவனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். போலீஸ்காரர், மோர், கையெழுத்து, ஃபைல், எதையும் விடவில்லை. என் வாழ்க்கையில் முதல்முறையாக ஒருவரிடம் சொன்னேன். அவன் தலையைக் குனிந்து கேட்டான். திட்டுவான் என்று எதிர்பார்த்தேன், அதை நான் விரும்பினேன் என்றுகூடச் சொல்லலாம். அவன், "அப்பா இது எதுவும் சொல்லவே இல்ல" என்று மட்டும் சொன்னான். வீட்டுக்கு வந்து அக்காவிடம் அவன் ஏதாவது கேட்டானா என்று எனக்குத் தெரியாது. எனக்குத் தெரிந்து கேட்கவில்லை.

பதினோராம் நாள் காலை அவனைப் பஸ் ஏற்றிவிட்டு வந்தோம். அக்கா அவன் படுத்திருந்த பாயைச் சுருட்டினாள். போர்வையை உதறி மடித்தாள். பிறகு அடுப்பைப் பற்றவைக்கப் போனவள், எனக்கு முதுகைக் காட்டியபடியே சொன்னாள்.

"கொழம்புல புளி இருந்தா சாப்பிட மாட்டேங்குறான், பாத்தியா? அங்க யாரோ அப்படிப் பழக்கிட்டாங்க."