ஏடுகாத்தாள் எழுதிய நகல்

பேய் பார்த்தேன் என்று கதை அளப்பவர்களை எனக்குப் பிடிக்காது. புளியமரத்தில் கால் தொங்கியது, சுடுகாட்டில் கொலுசு கேட்டது என்பார்கள். என்றைக்கு என்று கேட்டால் முழிப்பார்கள். நான் அப்படி இல்லை. இது நடந்தது 1988 செப்டம்பர் 14, புதன்கிழமை. ஸ்ரீவில்லிபுத்தூரில். ஆரம்பித்தது மாலை 5.40. முடிந்தது 6.25. அப்போது நான் குடித்திருக்கவில்லை. தூங்கி வழியவும் இல்லை.

கோர்ட்டுக்குப் பக்கத்தில் ஓர் ஒற்றை அறையில் தமிழ் டைப்ரைட்டர் வைத்திருந்தேன். மனு, பிரமாணப் பத்திரம் எல்லாம் அடித்துக் கொடுப்பேன். பதினோரு வருடம். 'சத்தியமாகக் கூறுவது யாதெனில்' என்று அடித்து அடித்து, சத்தியம் என்ற சொல்லைக் கேட்டாலே எனக்குச் சிரிப்பு வரும். அழுதுகொண்டே புளுகுகிறவன், பிள்ளை தலையில் கை வைத்துப் புளுகுகிறவன்... எல்லோரும் என் முன்னால் ஸ்டூலில் உட்கார்ந்து போனவர்கள்தான்.

ரோட்டுக்கு எதிர்ப்பக்கச் சுவரோரம், சாக்கடைக்குப் பக்கத்தில், முழங்கால் உயரத்துக்கு ஒரு கல் நின்றது. அதன் தலையில் துருப்பிடித்த எழுத்தாணி ஒன்று செருகியிருக்கும். ஏடுகாத்தாள் என்று பெயர். பக்கத்து டீக்கடை வெள்ளத்தாய் தினமும் அதன் முன்னால் ஒரு வெற்றுக் காகிதத்தை வைத்துக் கும்பிடுவாள்.

"வானத்துல மேகம் நகந்தாக்கூட எழுதிருவா அண்ணாச்சி. பொறந்தது, செத்தது, ஒளிச்சு வச்சது, அம்புட்டும் அவ ஏட்டுல இருக்கு. எழுத மட்டுந்தான் தெரியும் அவளுக்கு. அழிக்கத் தெரியாது."

"அப்ப ஒரு ரப்பர் வாங்கிக் குடு" என்பேன். வேதக்கோயிலுக்கே கிறிஸ்துமஸுக்கு மட்டும் போகிறவன் நான். சாக்கடைக் கல்லுக்கா பயப்படுவேன்?

அன்றைக்கு 5.40க்கு வந்தவன் பெயர் மாரிச்சாமி. ராஜபாளையத்தில் ஒரு மில்லில் மேஸ்திரி. தேய்த்த வெள்ளைச் சட்டை. நெற்றி நிறைய விபூதி. புளுக வருகிறவனுக்குத்தான் விபூதி அதிகம் தேவைப்படும்.

"சோழபுரத்துல எங்கப்பா இடம் ஒன்னரை ஏக்கர் கெடக்கு. நான் ஒருத்தன்தான் வாரிசுன்னு அடிக்கணும்."

"கூடப் பிறந்தவங்க?"

"யாரும் இல்லை."

கேட்டு முடிப்பதற்குள் பதில் வந்துவிட்டது. யாரோ இருக்கிறார்கள் என்று புரிந்தது. எனக்கென்ன?

முத்திரைத்தாள், அடியில் கார்பன், வெள்ளைத்தாள், மறுபடி கார்பன், மறுபடி வெள்ளைத்தாள். அடுக்கி ஏற்றினேன். 'எனக்கு உடன்பிறந்தோர் எவரும் இல்லை' என்ற வரி வந்ததும் மெஷின் கனத்தது. ஈர மண்ணில் விரலை ஊன்றுவது போல இருந்தது. எண்ணெய் விடவேண்டும் என்று நினைத்துக்கொண்டேன்.

5.55. உருவி எடுத்தேன். மேல் தாள் சரி. முதல் நகலைப் பார்த்தேன்.

'எனக்கு ஒரு தங்கை உண்டு.'

இரண்டாம் நகல்...

'ஆவுடையம்மாள். வயது இருபத்தாறு.'

வாய்விட்டு வாசித்துவிட்டேன். மாரிச்சாமி ஸ்டூலை விட்டு எழுந்தான்.

"அந்தப் பேரை ஒமக்கு யாரு சொன்னா?"

"நீரு சொல்லலையா?"

"நான் சொல்லவே இல்லை."

அது நிஜம். அன்றைக்கு அவன் சொன்ன ஒரே நிஜம்.

பழைய கார்பன், எப்போதோ அடித்தது பதிந்திருக்கும் என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன். கார்பன் பெட்டியை அன்று காலையில்தான் பிரித்திருந்தேன்.

6.02. கரண்ட் போனது. மெழுகுவர்த்தியைக் கொளுத்தினேன்.

"நகலைத் தனியா அடிச்சுத் தாரேன். கார்பன் வேண்டாம்."

ரோலர் கெடாமல் இருக்க அடியில் ஒரு வெற்றுத்தாள் மட்டும் வைத்தேன். அடிக்க ஆரம்பித்தேன்.

அப்போது கேட்டது.

கிரீச்...

ஓலையில் எழுத்தாணியை இழுக்கிற சத்தம்.

நான் ஒரு வரி அடித்தால் அது ஒரு வரி. கையை எடுத்தேன்.

அது நிற்கவில்லை.

கிரீச்... கிரீச்...

வாசலைப் பார்த்தேன். ரோட்டில் ஆள் இல்லை. எதிரே கல் மட்டும்.

அதன் தலையில்... எழுத்தாணி இல்லை.

6.10. தாளை உருவினேன். அடித்தாளும் ஒட்டிக்கொண்டு வந்தது. கார்பன் இல்லை. மை இல்லை.

எழுத்து இருந்தது.

'மோட்டார் ரூமில் பூட்டியிருக்கிறது. தண்ணீர் கேட்கிறாள். உயிரோடு இருக்கிறாள்.'

இந்த முறை வாய்விட்டு வாசிக்கவில்லை.

"என்ன போட்டிருக்கு?" என்றான் மாரிச்சாமி.

"ஒண்ணும் இல்லை."

சத்தம் நின்றது.

சட்டென்று.

எழுதி முடித்தது போல.

6.25க்கு அவன் போனான். அடித்தாளை மெழுகுவர்த்தியில் காட்டி எரித்தேன். சோழபுரத்துக்கு அப்போதும் பஸ் இருந்தது. போலீஸ் ஸ்டேஷன் நடக்கிற தூரம்தான். ஆனால் போய் என்ன சொல்வது? கல் எழுதியது என்றா? சிரிப்பார்கள். ஊரையெல்லாம் பார்த்து நான் சிரிக்கலாம், என்னைப் பார்த்து எவனும் சிரிக்கக்கூடாது. அவ்வளவுதான் என் யோக்கியதை.

"மொகம் வெளுத்துப்போயி இருக்கே அண்ணாச்சி?" என்றாள் வெள்ளத்தாய்.

"ஒண்ணும் இல்லை. ஒரு டீ போடு."

குடித்துவிட்டு வீட்டுக்குப் போனேன். தூங்கவும் செய்தேன்.

திங்கட்கிழமை செய்தி வந்தது. சோழபுரத் தோட்டத்து மோட்டார் ரூமை உடைத்து ஆவுடையம்மாளை எடுத்திருந்தார்கள். சொத்தை விட்டுக்கொடுத்துக் கைநாட்டு வைக்க மாட்டேன் என்றதற்காக, என்னிடம் வருவதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமையே அண்ணன் உள்ளே தள்ளிப் பூட்டியிருக்கிறான். தண்ணீர் இல்லாமல் செத்திருக்கிறாள். வெள்ளிக்கிழமைதான் உயிர் போயிருக்கும் என்றார் டாக்டர். நான் டீ குடித்தபோது அவளுக்கு இன்னும் இரண்டு நாள் இருந்தது.

மாரிச்சாமியைப் பிடித்துவிட்டார்கள். அதோடு முடிந்தது என்று இருந்தேன். அக்டோபர் 3ஆம் தேதி, காலை 11 மணிக்கு, போலீஸ் ஏட்டு வீரணன் என்னைத் தேடி வந்தார்.

"தேவஇரக்கம் நீருதானே? அந்த மோட்டார் ரூமுக்கு எப்பவாவது போயிருக்கீரா?"

"இல்லை."

"அப்ப வாரும். ஒண்ணு காட்டுதேன்."

ஜன்னல் இல்லாத அறை. கதவுக்கு வெளியே பூட்டுப் போட்டிருந்த தடம். உள்ளே ஆணி, கம்பி, கரித்துண்டு எதுவும் கிடைக்கவில்லை என்றார் வீரணன். அந்தப் பெண்ணுக்கு 'அ' கூட எழுதத் தெரியாது என்றார். பிறகு டார்ச் வெளிச்சத்தைச் சுவரில் அடித்தார்.

சுண்ணாம்பைக் கீறி, கோணாமல், வரிசையாக எழுதியிருந்தது.

'ஞானரத்தினம் மகன் தேவஇரக்கம். டைப்பிஸ்ட். 14-9-88, மாலை 6.10. வாசித்தான்.'