பஸ் சீட்டுக்கு ஒரு நவஹோ பஞ்சாயத்து

ஒரகடத்தில் கார்களுக்கு ஒயர் கட்டுகள் செய்யும் ஒரு கம்பெனியில், ஹெச்.ஆர். பிரிவில் எனக்கு வேலை. கோபக்காரி என்று பெயர், அது பொய்யுமில்லை. அந்தக் கோபக்காரி ஒரு சண்டையைத் தீர்த்துவைத்தாள் என்றால் எங்கள் வீட்டிலேயே இன்னும் சிரிக்கிறார்கள். சிரிக்கட்டுமே, எனக்கென்ன!

சண்டை ஒரு பஸ் சீட்டுக்கு. கம்பெனி பஸ்ஸில் துப்பட்டாவைப் போட்டு அடுத்த ஸ்டாப் தோழிக்கு இடம் பிடிப்பது எங்கள் பக்கத்தில் எழுதாத சட்டம். பிள்ளைப்பாக்கத்துப் பெண் ஒருத்தி அப்படிப் பிடித்துவைத்த சீட்டில், ராமநாதபுரத்திலிருந்து வந்து சுங்குவார்சத்திரம் ஹாஸ்டலில் தங்கியிருந்த ஒருத்தி உட்கார்ந்துவிட்டாள். வாய்ச்சண்டை தள்ளுமுள்ளானது. பிள்ளைப்பாக்கத்துக்காரி படியில் விழுந்து புருவத்தில் மூன்று தையல். மறுநாள் காலையிலேயே அவளுடைய அம்மா வந்து கம்ப்ளெயின்ட் எழுதிக் கொடுத்துவிட்டார்.

“தள்ளின பொண்ணு ட்ரெயினிதானே? நாலு மணிக்கு லெட்டர் ரெடியா இருக்கணும். ஊருக்கு அனுப்பிடுங்க” என்றார் மேனேஜர். ஹாஸ்டலும் கம்பெனியுடையது. லெட்டர் கைக்கு வந்தால் வேலையும் போச்சு, தங்குகிற இடமும் போச்சு.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவளை ஒரு வார்த்தை கேட்டார்களா? “சார், ரெண்டு மணி நேரம் எனக்குக் குடுங்க. முடியலைன்னா நானே டைப் பண்ணித் தரேன்” என்று சொல்லிவிட்டேன்.

அந்தத் தைரியம் நவஹோ மக்களிடம் கடன் வாங்கியது. தபாலில் நான் படித்த தொழிலாளர் சட்டப் பாடத்தில் அவர்களைப் பற்றி ஒரே ஒரு பத்தி வந்தது. அமெரிக்காவின் தென்மேற்கில் வாழும் பழங்குடிகள். சாப்பாட்டு நேரத்திலெல்லாம் போனில் தேடித் தேடி மிச்சத்தைப் படித்தேன். எண்ணெய்க் கம்பெனிக்குக் குத்தகைக் கையெழுத்துப் போட ஆள் தேவைப்பட்டபோது, அரசாங்கம் அவர்களுக்கு ஒரு சபையை அமைத்துக் கொடுத்ததாம். நிலத்தைக் கம்பெனிகளுக்குக் கொடுத்த ஊர்க்காரியான எனக்கு அதை விளக்கிச் சொல்லவா வேண்டும்? ஆனால் சண்டை தீர்க்கும் தங்கள் பழைய முறையை அவர்கள் விட்டுவிடவில்லை. பிறகு தங்கள் நீதிமன்றத்துக்குள்ளேயே அதற்கு இடம் கொடுத்தார்கள். நடுவில் இருப்பவர் நம்மூர் நாட்டாமை மாதிரி தீர்ப்பு சொல்ல மாட்டார். கும்பிட்டு ஆரம்பிப்பார்கள். ஒருத்தர் பேசி முடிக்கும்வரை மற்றவர் வாய் திறக்கக் கூடாது. முக்கியமாக, இரண்டு பக்கத்துச் சொந்தக்காரர்களும் வந்து உட்கார வேண்டும். தப்பு செய்தவன் தனக்குச் சொந்தம் இருப்பதையே மறந்துவிட்டான் என்பது அவர்கள் பார்வை. அதனால் சொந்தத்தைக் கூட்டிவந்து ஞாபகப்படுத்துகிறார்கள்.

இவ்வளவையும் படித்துவிட்டு நான் செய்த காரியத்தைக் கேளுங்கள். ட்ரெயினிங் ரூமில் மேஜை போட்டு, அதன் பின்னால் பெரிய ரெஜிஸ்டரோடு உட்கார்ந்து, இரண்டு பெண்களையும் டோக்கன் நம்பர் சொல்லிக் கூப்பிட்டேன். ஒருத்தியும் வாயைத் திறக்கவில்லை. அட கிறுக்கி, நீயே நாட்டாமையாகிவிட்டாயே என்று என்னையே திட்டிக்கொண்டு, மேஜையைச் சுவரோரம் தள்ளி, ஐந்து நாற்காலிகளை வட்டமாகப் போட்டேன்.

அடிபட்டவள் பக்கத்தில், காலையிலிருந்து கம்பெனியிலேயே காத்திருந்த அவளுடைய அம்மா உட்கார்ந்தார். ராமநாதபுரத்துப் பெண்ணுக்கு யார் வருவது? ஹாஸ்டல் வார்டனைக் கூப்பிட்டால் நேரமில்லை என்றார். அவள் பக்கத்து நாற்காலி காலியாகவே கிடந்தது.

அம்மா, தன் ஊர் அம்மனைக் கும்பிட்டு ஆரம்பித்துவைத்தார். முதலில் அடிபட்டவள். “என் துப்பட்டா மேலயே குந்திகினா, அக்கா. எந்திரின்னு சொன்னதுக்குத் தள்ளி வுட்டா.” அவ்வளவுதான்.

அடுத்தவள் தலையைத் தூக்காமல் பேசினாள். “எனக்குக் காய்ச்சல், அக்கா. ஷிப்டு பூரா நின்னுக்கிட்டே இருந்தேன், முடியல. எந்திரின்னா எந்திரிச்சிருப்பேன். ஆனா...”

“எப்பா, இன்னா நடிப்பு!” என்று அம்மா பாய்ந்தார்.

“அம்மா! உங்க முறை வரும். அதுவரைக்கும் வாயை மூடுங்க” என்று கத்திவிட்டேன். சமாதானம் பேச வந்தவளின் லட்சணம்!

அந்தப் பெண் தொடர்ந்தாள். “ ‘ஊரு விட்டு ஊரு வந்த நாதியத்தவளுக்கு சீட்டு ஒரு கேடா’ன்னு கேட்டா, அக்கா. எங்கப்பா செத்து ஆறு மாசந்தான் ஆகுது. அதைக் கேட்டதும் என்ன செஞ்சேன்னே எனக்குத் தெரியல. தள்ளினது தப்புதான்.”

அம்மா தன் மகளைப் பார்த்தார். மகள் தரையைப் பார்த்தாள். “சொன்னியா?” என்றார். மகள் ஆமாமென்று தலையாட்டினாள்.

இப்போது அம்மாவின் முறை. புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு எழுந்து, ராமநாதபுரத்துப் பெண்ணை நோக்கி நடந்தார். அடிக்கப்போகிறார் என்று நானும் எழுந்துவிட்டேன். அவர் போய் அந்தக் காலி நாற்காலியில் உட்கார்ந்தார்.

“இவளுக்கு நா வந்துகீறேன். இப்ப சொல்லு, யாருடி நாதியத்தவ?”

மகள் அழுதாள், மற்றவள் அழுதாள். நானும் வெட்கமில்லாமல் அழுதேன். அதற்குப் பிறகு பேச என்ன இருக்கிறது! தையல் பிரிக்கும்வரை கட்டு மாற்றத் தானே கூட்டிப்போவதாக ராமநாதபுரத்துப் பெண் சொன்னாள். பஸ்ஸில் சொன்னதை பஸ்ஸிலேயே எல்லார் காதும் கேட்கத் திருப்பிச் சொல்ல வேண்டும் என்றார் அம்மா. மகள் சரியென்றாள். நவஹோக்களும் தண்டனையைத் தேடுவதில்லை, கெட்டுப்போனதைச் சரிசெய்யத்தான் பார்க்கிறார்கள்.

நாலு மணிக்கு மேனேஜர் வந்தார். “லெட்டர் என்னாச்சு?”

“யாருக்கு சார் லெட்டரு? எம்பொண்ணுக்கா?” என்றார் அம்மா.

“இல்லம்மா, தள்ளின பொண்ணுக்கு.”

“அதத்தான் கேக்குறேன். இவளும் எம்பொண்ணுதான். நா எழுதிக் குடுத்த காயிதத்த நானே வாங்கிக்கிறேன், குடு சார்.”

மேனேஜர் என்னைப் பார்த்தார். நான் கூரையைப் பார்த்தேன். கம்ப்ளெயின்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, “இன்னொரு வாட்டி நடந்தா நான் பொறுப்பில்ல” என்று முனகிக்கொண்டே போனார்.

மறுநாள் ஸ்கூட்டரை வீட்டில் விட்டுவிட்டு நானும் அந்த பஸ்ஸில் ஏறினேன். பிள்ளைப்பாக்கத்துக்காரி புருவத்தில் பிளாஸ்திரியோடு எழுந்து நின்றாள். “நா சொன்னது தப்பு. இவளுக்கு ஆள் கீது, எங்கம்மா” என்று பஸ்ஸே கேட்கச் சொன்னாள். பிறகு பக்கத்து சீட்டிலிருந்த துப்பட்டாவை வெடுக்கென்று எடுத்தாள்.

“குந்துடி சீக்கிரம். நீ நின்னுகினு வந்தன்னு தெரிஞ்சா, எங்கம்மா என்னிய வூட்ல சேக்காது!”