பொட்டலம் கட்டிய புத்தகங்கள்

யுத்த காலத்தில் திருத்தணிக்காரர்களுக்குத் திடீரென்று அறிவு பெருகியதற்குப் பள்ளிக்கூடமும் காரணமில்லை, சர்க்காரும் காரணமில்லை. மலையடிவாரத்தில் பொரிகடலைக் கடை வைத்திருந்த ரத்தினம்மாள்தான் காரணம். இதைச் சொன்னால் ஊர்ப் பெரிய மனிதர்கள் முகத்தைச் சுளிப்பார்கள். சுளித்துவிட்டுப் போகட்டும்.

நாற்பத்திரண்டில், ஜப்பான்காரன் குண்டு போடப்போகிறான் என்று பட்டணமே காலியானபோது, ஒரு வக்கீல் குடும்பம் மூட்டை முடிச்சோடு இங்கே வந்து இறங்கியது. பயந்த அளவுக்கு ஒன்றும் நடக்கவில்லை. நாலு மாதத்தில் திரும்பிப் போனார்கள். போகும்போது வீட்டுக்கு வேண்டாத சுமையையெல்லாம் விற்றார்கள். முதலில் விற்றது புத்தகங்களைத்தான். காகிதம் கிடைக்காமல் தையல் இலையில் கடலை கட்டி அவதிப்பட்டுக்கொண்டிருந்த ரத்தினம்மாள், இரண்டு சாக்கு நிறைய எடைக்கு வாங்கிப் போட்டாள். எல்லாம் தமிழ்ப் புத்தகங்கள். ராஜாக்களின் சரித்திரம், பறவை, பாம்பு, எரிமலை, நட்சத்திரம், மனித எலும்பு என்று சகலமும் ஒரே சாக்கில் கிடந்தன.

அரக்கோணத்து மிஷன் பள்ளியில் ஐந்தாவது வரை படித்தவள் அவள். ஒவ்வொரு பக்கத்தையும் முதலில் படிப்பாள், பிறகு ஈவிரக்கம் பார்க்காமல் கிழிப்பாள். வாங்கியவர்கள் கடலையைத் தின்றுவிட்டுக் காகிதத்தைப் படித்தார்கள். ஆளுக்கு ஒரு பக்கம் படித்த ஊர் எப்படி இருக்கும் என்று பார்க்க விரும்பியவர்கள் அப்போது திருத்தணிக்கு வந்திருக்க வேண்டும்.

ஊர் நிலக் கணக்கு எழுதி ஓய்வு பெற்ற கர்ணம் சடகோபனுக்குச் சந்திரன் கிடைத்தது. அங்கே காற்று இல்லை என்று ஒரு மாதம் ஊரெல்லாம் சொல்லித் திரிந்தார். ஏன் இல்லை என்று கேட்டவர்களை முறைத்தார். காரணம் இருந்த பக்கம் ஆர்.கே.பேட்டைக்காரன் ஒருவனோடு பஸ் ஏறிப் போய்விட்டது. பூக்காரி தேவகிக்குப் பாம்பு வந்தது. பாம்புக்குக் காது கிடையாது என்று அதில் போட்டிருந்தபடியால், அடிவாரத்தில் மகுடி ஊதுகிறவனிடம் போய், இத்தனை நாளாகப் பார்த்தவர்களுடைய காசைத் திருப்பிக் கொடு என்று சண்டை பிடித்தாள்.

ரத்தினம்மாளைப் பிடித்துக்கொண்டது வேறு புத்தகம். வடக்கே பனிக்கடலில் சிக்கிக்கொண்ட ஒரு கப்பலின் கதை. நடந்த கதை. நாலு வருஷம் அந்தக் கப்பல்காரர்களிடமிருந்து ஒரு சேதியும் இல்லை. ஊரில் மனைவிமார் காத்திருந்தார்கள். அதை மட்டும் நாளைக்கு ஒரு பக்கமாக ருசித்துப் படித்தாள். கடைசி ஏடு மிச்சமிருந்தபோது ஆடிக் கிருத்திகை வந்துவிட்டது. காவடிக் கூட்டத்தின் நெரிசலில் எதை எடுத்தோம், யாருக்குக் கட்டினோம் என்றே தெரியாமல் அந்த ஏட்டையும் கட்டிக் கொடுத்துவிட்டாள்.

அவள் புருஷன் வேணு ரங்கூனில் அரிசி மில் வேலைக்குப் போனவன். அங்கே குண்டு விழுந்த பிறகு கடிதம் நின்றுபோயிற்று. காட்டு வழியாக நடந்தே ஊர் திரும்பிய அம்மையார்குப்பத்துக்காரர்கள் இரண்டு பேரைப் போய்ப் பார்த்தாள். அவர்களுக்கு வேணுவைப் பற்றி ஒன்றும் தெரியவில்லை. மூன்று வருஷம் ஓடிவிட்டது. கே.ஜி.கண்டிகையில் அண்ணன் தம்பி இருவருக்கும் பொதுவாக இருந்த நிலத்தை உழுதுகொண்டிருந்த வேணுவின் அண்ணன் பங்காருவுக்குத் தம்பியின் ஆவியைப் பற்றித் திடீரென்று கவலை வந்தது.

"தம்பிக்குக் காரியம் செஞ்சிடணும்மா. எத்தினி நாளு இப்பிடியே பாத்துகினு இருப்பே?"

"செத்ததை யாரு பாத்தாங்க, பாவா?"

"உசிரோட இருக்கறதை மட்டும் யாரு பாத்தாங்க?"

காரியம் என்றால் அவளுடைய தாலி இறங்கும், வளையல் உடையும், வேணுவின் பங்கு நிலம் அண்ணன் கைக்குப் போகும். குளத்தங்கரை மண்டபத்தில் பஞ்சாயத்து கூடியது. நடுவில் உட்கார்ந்திருந்தவர் சடகோபன்.

ரத்தினம்மாள் எழுந்து நின்றாள். "பனியில மாட்டிக்கினு நாலு வருஷம் சேதியே இல்லாம இருந்தவங்களை நான் படிச்சிருக்கேங்க. அவங்க பொஞ்சாதிங்க தாலியைக் கழட்டல. புஸ்தகத்துல போட்டிருக்குங்க."

புத்தகம் என்றதும் பஞ்சாயத்து நிமிர்ந்து உட்கார்ந்தது. உப்புத் தண்ணீர் உறையுமா என்று ஒருவர் கேட்டார். எரிமலைப் பக்கம் வைத்திருந்தவர், அதைக் கொண்டுபோய்ப் பக்கத்தில் வைத்தால் பனி உருகாதா என்றார். வேணுவை எல்லோரும் மறந்து, கப்பலைப் பிடித்துக்கொண்டார்கள். பங்காருவுக்குப் பொறுக்கவில்லை. "அவுங்க திரும்பி வந்தாங்களா, இல்லியா? அதைச் சொல்லச் சொல்லுங்க" என்றான்.

அவளுக்குத் தெரியவில்லை. சடகோபன் தொண்டையைச் செருமிக்கொண்டு தீர்ப்புச் சொன்னார்: "அமாவாசைக்குள்ள கடைசிப் பக்கம் வரணும். கப்பல்காரங்க வந்திருந்தா வேணுவுக்குக் காரியம் கிடையாது. வரலைன்னா செஞ்சிட வேண்டிதுதான்." இதில் என்ன நியாயம் இருக்கிறது என்று ஒருவரும் கேட்கவில்லை. அச்சடித்த சங்கதி அல்லவா!

ரத்தினம்மாள் வீடு வீடாக ஏறி இறங்கினாள். ஒருவர் தன்னிடமிருந்த பக்கத்தைக் காட்டவே மாட்டேன் என்றார். காட்டினால் அவருக்குத் தெரிந்தது ஊருக்கெல்லாம் தெரிந்துவிடுமாம். இன்னொருவர் தன்னுடைய ராஜா கடைசியில் ஜெயித்தாரா என்று சொன்னால்தான் பெட்டியைத் திறப்பேன் என்றார். கடைசியில் அந்த ஏடு கே.ஜி.கண்டிகையில், கூலி வேலை செய்யும் குப்பம்மாளின் குடிசைச் சுவரில் ஒட்டியிருந்தது. படிக்கத் தெரியாதவள் அவள்.

"கப்பல் படம் நல்லா இருந்திச்சி. அதான் ஒட்டிக்கினேன்."

ரத்தினம்மாள் நின்றபடியே படித்தாள். தேடிப் போனவர்கள் எலும்புகளைத்தான் கண்டார்கள். ஒருவர்கூடத் திரும்பவில்லை. அதற்குக் கீழே ஒரு கோடு போட்டுப் புத்தகம் முடிந்திருந்தது. அவள் அங்கேயே உட்கார்ந்து, மூன்று வருஷமாக அழாததையெல்லாம் சேர்த்து அழுதாள். குப்பம்மாள் தண்ணீர் மொண்டு கொடுத்தாள். சுவரிலிருந்து காகிதத்தையும் பதமாக உரித்துக் கொடுத்தாள்.

அமாவாசைக்கு முந்தின நாள் மண்டபம் நிரம்பி வழிந்தது. ரத்தினம்மாள் காகிதத்தைப் பிரித்து உரக்கப் படித்தாள். கப்பல்காரர்கள் தாடியும் மீசையுமாக வந்து சேர்ந்தார்கள். பனி உருகியது. துறைமுகத்தில் மேளம் கொட்டினார்கள். மனைவிமார் முதலில் அடையாளம் தெரியாமல் திகைத்தார்கள். ஒரு பக்கத்தில் அடங்கக்கூடியதைவிட அதிகமாகவே அவள் படித்துவிட்டாள். எடையில் ஒரு கடலை குறைத்தறியாதவள் அவள்.

பங்காருவுக்கு எழுத்து தெரியாது, சந்தேகப்படத் தெரியும். காகிதத்தைப் பிடுங்கிச் சடகோபனிடம் நீட்டினான். "நீங்க படிங்க ஐயா."

சடகோபன் மூக்குக்கண்ணாடியை மாட்டினார். சர்வே நம்பரில் ஒரு சைபர் தப்பினால்கூட வீட்டுக்கு ஆள் அனுப்பின மனிதர். பக்கத்தை மேலிருந்து கீழே படித்தார். மறுபடியும் படித்தார். பிறகு தலை நிமிர்ந்து, நின்றுகொண்டிருந்த ரத்தினம்மாளைப் பார்த்தார்.

"ஆங். சரியாத்தான் படிச்சிருக்கே. ஆனா ஒரு வரியை விட்டுட்டியேம்மா" என்றார். "அவங்க வர்ற வரைக்கும் அவங்க பங்கு நிலத்துல வெளஞ்சதைப் பொஞ்சாதிங்க கையில கொடுத்தாங்கன்னு இங்க போட்டிருக்கு பாரு."

அச்சில் வந்ததை எதிர்க்கப் பங்காருவுக்கு வழி தெரியவில்லை. கூட்டம் ஆரவாரம் செய்தது. தேவகி ஓடிவந்து ரத்தினம்மாளின் தலையில் பூ வைத்தாள். அந்தக் கப்பல் திரும்பி வந்ததில் ஊருக்கே அத்தனை சந்தோஷம்.

ரத்தினம்மாளும் சிரிக்கப் பார்த்தாள். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தப் பக்கத்தைப் படித்தவள் அவளல்லவா.