தொட்டியோரத்து மரத்தில் தேரை

சமைந்த நாளிலிருந்து அவள் கைகளிலும் கழுத்திலும் சின்னச் சின்னக் கழலைகள் கிளம்பின. அவை வலிக்கவில்லை, அரிக்கவும் இல்லை. ஊர் வாய்தான் அரித்தது. ‘தேரை’ என்று பட்டம் கட்டினார்கள். பெண் கேட்டு வந்தவர்கள் உட்காராமலே திரும்பிப் போனார்கள். தேரை மோந்த தேங்காயாகிவிட்டதே என்று பெற்றவளே அழுதாள். அவள் அழவில்லை. மலைக் குடியிருப்புக்குத் தண்ணீர் ஏற்றும் மோட்டார் அறையில் வேலை கேட்டு வாங்கிக்கொண்டாள். யாராவது “தேரை” என்று கூப்பிட்டால், “என்ன வேணும்?” என்று முகத்தைப் பார்த்துக் கேட்பாள். கேலி செய்ய வந்தவனுக்குப் பாதித் தெம்பு அங்கேயே போய்விடும்.

காட்டின் விளிம்பில் தொட்டியும் மோட்டார் அறையும். தொட்டிமேல் கவிந்து பாசியேறிய பெரிய மரம் ஒன்று. அடிமரத்தில், கைக்கு எட்டாத உயரத்தில், மழைநீர் தேங்கும் பொந்து. ஒரு பெருமழையில் நிஜத் தேரை ஒன்று அந்த மரத்தில் ஏறுவதைப் பார்த்தாள். கட்டைவிரல் அளவு, முதுகெல்லாம் முண்டுமுடிச்சு. வழுக்கிக் கீழே வந்தது, மறுபடி ஏறியது. தவளைதான் மரமேறும், தேரை ஏறாது என்று அவளும் நினைத்திருந்தாள். மழை விட்டுச் சில நாள் கழித்து ஏணி வைத்துப் பார்த்தால், பொந்துத் தண்ணீரில் தலைப்பிரட்டைகள் நெளிந்துகொண்டிருந்தன.

அந்த மழைக்காலத்திலேயே குடியிருப்பில் இருந்த தையல்காரர் மகளுக்கு விரல்களில் பாலுண்ணி வந்தது. மரத்துத் தேரைதான் காரணம், அது தொட்டிக்குள்ளும் இறங்குகிறது என்று அவர் வீடு வீடாகச் சொன்னார். தண்ணீர் வேலையைக் கவனிக்கும் சூப்பர்வைசர் ஒரு கும்பலோடு வந்து, பொந்துக்குள் பிளீச்சிங் பவுடரைக் கொட்டச் சொன்னார்.

“மாட்டேன்” என்றாள்.

தன் சாதிசனத்தை அவளே கொல்வாளா என்றார் தையல்காரர். எல்லோரும் சிரித்தார்கள். அவள் ஏணியில் ஏறி, ஒரு தேரையை மணிக்கட்டில் உட்காரவைத்துக்கொண்டு இறங்கினாள். அது கழலைகளின் மேல் கால் வைத்து முழங்கைவரை ஏறிப்போனது. கும்பல் பின்வாங்கியது.

“நல்லாப் பாத்துக்குங்க. என் கை இப்படி ஆனப்ப இதை நான் கண்ணாலகூடப் பாத்ததில்ல. இத்தனை வருஷமா இந்தக் கைதான் உங்களுக்குத் தண்ணி ஏத்துது. யாருக்கு என்ன வந்துச்சு, சொல்லுங்க.”

கும்பல் சூப்பர்வைசரைத் திரும்பிப் பார்த்தது.

“நுணலும் தன் வாயால் கெடும், தெரியும்ல?” என்றார் சூப்பர்வைசர்.

“கெட்டாக் கெட்டுட்டுப் போகுது. பவுடர் போட மாட்டேன்.”

அன்றே மோட்டார் அறைச் சாவி அவளுடைய தங்கை புருஷனிடம் போனது. அவள் கையில் சாக்கடை தள்ளும் துடைப்பம். தங்கை புருஷன் வாய்ச்சொல்லில் வீரன். பவுடர் வாளியோடு ஏணியடிவரை போனவன், தான் பிள்ளைகுட்டிக்காரன் என்று சொல்லித் திரும்பிவிட்டான். தையல்காரரைக் கேட்டால் அவருக்கு அவசரமாகத் துணி தைக்க வேண்டியிருந்தது. மரத்தை வெட்டினாலோ தொட்டிமேல்தான் விழும். தேரைக்குப் பயந்து அதைக் கொல்லச் சொன்னவர்களில் ஒருவருக்கும் அதன் கிட்டே போகத் துணிச்சல் இல்லை. பயமில்லாத ஒருத்தி, மாட்டேன் என்றுவிட்டாள்.

தங்கை வந்து, ஒரு வார்த்தை மன்னிப்புக் கேட்டால் என்ன குறைந்துவிடும் என்று மன்றாடினாள்.

“தப்புப் பண்ணுனவதான் கேக்கணும். நான் எதுக்குடி கேக்கணும்?”

ஆனாலும் மழையில் நனைந்தபடி சாக்கடை தள்ளும்போது, மோட்டார் தாமதமாக உறுமும் சத்தம் கேட்டால் அவளுக்கு நெஞ்சு காந்தும்.

மழை வலுத்ததும் தேரைகள் விளக்குப் பூச்சிகளைத் தேடி மோட்டார் அறைச் சுவரிலேயே ஏறத் தொடங்கின. தங்கை புருஷன் உள்ளே காலெடுத்து வைக்க மறுத்துவிட்டான். குழாய்கள் வறண்டன. காலிக் குடங்களோடு பெண்கள் சூப்பர்வைசரைப் பிடித்து உலுக்கினார்கள். அவர் சாக்கடையோரம் வந்து சாவியை நீட்டினார். அவள் கை நீட்டவில்லை.

“அந்த மரத்துல யாரும் கை வைக்கக் கூடாது. அதை எல்லார் காதுலயும் விழுற மாதிரி சொல்லுங்க. அப்புறம் வாங்கிக்கிறேன்.”

குடங்களோடு நின்றவர்கள் முன்னால் அவர் சொல்லத்தான் வேண்டியிருந்தது.

சிறுமியின் பாலுண்ணி சில மாதங்களில் தானாக உதிர்ந்தது. தையல்காரர் அதை மட்டும் யாரிடமும் சொல்லவில்லை. அவர் வீட்டார் இன்றும் குழாயைத் திறப்பதில்லை. மேட்டைத் தாண்டி ஓடைக்குப் போய்த் தண்ணீர் சுமந்து வருகிறார்கள். அதைப் பற்றி யாராவது கேட்டால் அவள் சொல்வாள்: “நடக்கட்டும், காலுக்கு நல்லது.”