காலில் மணல் மூட்டை

என் வீட்டுக்காரரைப் படப்பிடிப்பில் எல்லோரும் 'லென்ஸ்' என்றுதான் கூப்பிடுவார்கள். யார் பேசினாலும், முகத்தில் வெளிச்சம் எந்தப் பக்கம் விழுகிறது என்றுதான் பார்த்துக்கொண்டிருப்பார். கல்யாணமான புதிதில் எனக்கு அதைப் பார்த்தால் கோபம் வரும்.

எடுத்ததெல்லாம் சின்னப் படங்கள். அவற்றில் ஒன்றாவது தன்னைப் பெரிய ஒளிப்பதிவாளராக்கும் என்று நம்பியிருந்தார். அப்படி ஒரு படத்தில் குடிகாரனாக நடிக்க வேண்டியவர் வரவில்லை. "நீங்களே நின்னுடுங்க லென்ஸ், ஒரே ஒரு காட்சிதான்" என்றார் இயக்குநர். சாப்பாடு கொண்டுபோன என்னை இவர் சுவரோரம் நிறுத்தி, என் முகத்துக்கு ஃபோகஸ் வைத்து, என் கால் இருந்த இடத்தில் டேப் ஒட்டினார். கேமராவை ஓடவிட்டு, வேகமாகப் போய் அந்த டேப்பில் நின்று அழுதார். இத்தனைக்கும் ஒரு சொட்டு குடித்தறியாதவர்.

படம் வந்தபோது எல்லோரும் அந்த அழுகையைப் பற்றியே பேசினார்கள். அதை எடுத்தது யார் என்று ஒருவரும் கேட்கவில்லை.

"குடிக்காமலே குடிகாரன்னு பேர் வாங்கினது நீங்க ஒருத்தர்தான் மாப்ள" என்றான் என் அண்ணன், சாப்பிட்டுக்கொண்டே. வீடே சிரித்தது. அவரும் சிரித்து வைத்தார்.

அதன்பிறகு நடிக்க மட்டும்தான் ஃபோன் வந்தது. "கேமரா யாரு?" என்பார். "அதுக்கு ஆள் இருக்கு" என்பார்கள்.

போன மாதம் அதே இயக்குநர் கூப்பிட்டார். இந்தத் தடவை கேமரா தருவார் என்று, வெளிச்சம் அளக்கும் மீட்டரைத் துடைத்துப் பையில் போட்டுக்கொண்டார். அவருக்கு இரண்டு நாளாக இருந்த காய்ச்சல் விட்டிருக்கவில்லை; அதனால் நானும் கூடப் போனேன்.

மறுபடியும் குடிகாரன்தான். மீட்டர் பையைவிட்டு வெளியே வரவில்லை. டேப்பில் நின்றார். கேமரா ஓடத் தொடங்கியதும் அரை அடி இடப்பக்கம் நகர்ந்தார். வெளிச்சம் அங்கேதான் இருந்தது. எனக்கே தெரிந்தது.

"டேப்ப விட்டு நகராதீங்கண்ணே" என்றார் புது ஒளிப்பதிவாளர்.

"அங்க நின்னா கண்ணு இருட்டுல போயிடுது தம்பி."

"அது என் வேலை. நீங்க அழுதா போதும்."

அடுத்த முறையும் நகர்ந்தார். வேண்டுமென்று செய்யவில்லை, கால் தானாகப் போனது.

"முகம் மட்டும்தானே எடுக்குறோம், கால்ல வெயிட்ட போடுங்கப்பா" என்றார் இயக்குநர்.

விளக்குக் கம்பம் சாயாமலிருக்க வைக்கும் மணல் மூட்டையை எடுத்து அவர் பாதங்களின் மேல் வைத்தார்கள். இருட்டில் நின்று அழுதார்.

"பிரமாதம்" என்றார் இயக்குநர். எல்லோரும் கைதட்டிவிட்டு டீ குடிக்கப் போனார்கள். மூட்டையை நான்தான் போய் எடுத்தேன்.